பிஜென் பாண்டம்: நிறத்தைத் தருவது நெருப்பா, அடுக்குகிற கையா?

#1 மண்வாசி

வணக்கம். ஜப்பானின் பிஜென் மண்பாண்டம் பற்றி எங்கே படித்தாலும் ஒரே பல்லவிதான்: கிளேஸ் (கண்ணாடி போன்ற மேல்பூச்சு) கிடையாது, வண்ணம் கிடையாது, எல்லாம் நெருப்பின் தற்செயல். ஆனால் ஒரு தட்டில் மூன்று சிவப்பு வட்டங்கள் அளந்து வைத்தாற்போல இருப்பதைப் பார்த்தால் தற்செயல் என்று நம்ப மனம் வரவில்லை. கிளேஸ் ஏன் போடுவதில்லை? சிவப்புக் கோடு, எள்ளு தூவியது போன்ற புள்ளி, சாம்பல் கலந்த நீலம் எல்லாம் எப்படி வருகின்றன? மின்சூளை மட்டும் இருப்பவர்கள் இதில் எதையாவது செய்ய முடியுமா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

#2 வேட்கோ

மண்ணிலிருந்து தொடங்கினால்தான் மற்றதெல்லாம் புரியும்.

ஒகயாமா மாநிலத்தில் பிஜென் நகரைச் சேர்ந்த இன்பே என்ற பகுதிதான் இதன் ஊர். அங்கே நெல்வயலுக்குக் கீழே சில மீட்டர் ஆழத்தில் ஒரு களிமண் படுகை இருக்கிறது. ஹியோசே என்பார்கள். அறுவடை முடிந்து வயல் சும்மா கிடக்கும் குளிர்காலத்தில் தோண்டி எடுப்பது வழக்கம். கருஞ்சாம்பல் நிறம், வெண்ணெய் மாதிரி நைசு, ஒட்டும் தன்மை அதிகம், மக்கிய தாவரப் பொருள் ஏராளம், இரும்பு ஆக்சைடு 2-3 சதவீதம். வெயிலிலும் மழையிலும் பனியிலும் நீண்ட நாள் போட்டு வைத்து, உடைத்து, நீரில் கரைத்து வடித்து, தேவைக்கு ஏற்ப வேறு மண்ணும் கலந்து, மறுபடி ஈரத்தோடு மூடிப் புளிக்க விடுவார்கள்.

வனைய வெகு சுகமான மண். சுடும்போதுதான் தொல்லை. காய்ந்து வெந்து முடிவதற்குள் 15-20 சதவீதம் சுருங்கிவிடும். அத்தனை சுருக்கத்துக்கு ஈடுகொடுக்கும் கிளேஸ் அமைவது கடினம், உரிந்து விழும். வெப்பம் தாங்கும் திறனும் குறைவு. போர்சலின் மண்ணை 1,300 டிகிரிக்குக் கொண்டுபோவது போல இதைக் கொண்டுபோனால் உப்பும், சாயும். அதனால் 1,200 முதல் 1,250 டிகிரிக்குள் நிறுத்திக்கொண்டு, சூட்டால் ஆகாததை நாள் கணக்கால் ஈடுகட்டுகிறார்கள். சூளை எரிவது 10 முதல் 14 நாள்.

ஆக, கிளேஸ் இல்லாதது ஏதோ தத்துவம் பேசி எடுத்த முடிவு அல்ல. அந்த மண் ஒத்துக்கொள்ளவில்லை, அவ்வளவுதான். தத்துவமெல்லாம் தேநீர்ச் சடங்கு நடத்தும் தேநீர்க்காரர்கள் பிற்பாடு ஏற்றியது.

#3 தணல்

வேட்கோ சொன்னதோடு எரிப்பு முறையையும் சேர்த்துக்கொள்கிறேன்.

முதல் சில நாள் தீ சூளைவாயிலேயே நிற்கும். உள்ளே சுவாலை போகாது, புகையும் சூடான காற்றும்தான் போகும். பிஜென் பாண்டத்தை முன்கூட்டிச் சுட்டு எடுத்துவைப்பதில்லை. பச்சைப் பாண்டத்தை அப்படியே அடுக்கி ஒரே சூட்டில் முடிப்பதே மரபு. அதனால் மண்ணில் தங்கிய ஈரம் முழுக்க இந்தக் கட்டத்தில்தான் வெளியேற வேண்டும். ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள்: 8 நாளில் 1,200 டிகிரி என்றால் சராசரியாக மணிக்கு 6 டிகிரிக்குச் சற்று மேல். மின்சூளையில் மணிக்கு 100 டிகிரி ஏற்றிப் பழகியவர்களுக்கு இந்த வேகம் எறும்பு ஊர்வது போலத் தோன்றும்.

அவசரப்பட்டால் என்ன ஆகும்? 573 டிகிரியில் குவார்ட்ஸ் திடீரென்று விரியும். தடித்த அடிப்பாகமும் மெல்லிய விளிம்பும் வெவ்வேறு நேரத்தில் அந்தச் சூட்டை எட்டினால் விரிசல். அதைத் தாண்டி 700-900 டிகிரியில் மண்ணுக்குள் இருக்கும் தாவரக் கரி எரிந்து வெளியேற வேண்டும். ஹியோசேயில் கரி அதிகம், துகளோ நைசு. வாயு வெளியேறும் வழி குறுகலாக இருக்கும். கரி எரிந்து முடியும் முன்பே மேற்பரப்பு கண்ணாடியாகி மூடிக்கொண்டால், உள்ளே சிக்கிய வாயு 1,200-ஐ நெருங்கும்போது கொப்புளமாக உப்பிக்கொண்டு வரும். உடைத்துப் பார்த்தால் நடுவில் கருப்புப் பட்டை தெரியும். “சூடு அதிகமாகிவிட்டது” என்று பலர் தவறாகக் கணிக்கும் கோளாறு இது. பல நேரம் கோளாறு 1,200-இல் நடப்பதில்லை, 800-இலேயே நடந்து முடிந்திருக்கும்.

விறகு சிவப்புப் பைன், அகமாட்சு. பிசின் நிறைந்தது, சுவாலை நீளமாக ஓடும். சாம்பல் காற்றோடு பறந்து பாண்டத்தின் மேல் படியும். நெருப்பை நிறுத்திய பிறகு ஆற ஏறக்குறைய ஒரு வாரம்.

#4 மண்வாசி

//சாம்பல் காற்றோடு பறந்து பாண்டத்தின் மேல் படியும்//

அப்படியானால் சாம்பல் எங்கே விழும் என்பது காற்றின் கையில்தானே? நான் கேட்டதும் அதுதான்.

#5 வேட்கோ

காற்று எந்தப் பக்கம் போகும் என்பது அடுக்கின் கையில் இருக்கிறது. சூளைக்குள் பாண்டங்களே சுவர். இரண்டு ஜாடிக்கு நடுவே நாலு விரல் இடைவெளி விட்டால் சுவாலை அதன் வழியாகப் போகும், ஒரு விரல் விட்டால் சுற்றிக்கொண்டு போகும். அடுக்குவதற்கே பல நாள் பிடிக்கும். பிஜெனில் வண்ணம் தீட்டும் வேலை நடப்பது அந்த நாட்களில்தான்.

இடம் வாரியாகச் சொல்கிறேன்.

கோமா. எள் என்று பொருள். தீவாய்க்கு அருகே, சுவாலையைப் பார்த்த முகத்தில் வரும். பைன் சாம்பலில் உள்ள கால்சியமும் பொட்டாசியமும் மண்ணின் சிலிக்காவோடு சேர்ந்து உருகி, இயற்கைக் கிளேஸ் ஆகிறது. குறைவாக விழுந்தால் எள் தூவியது மாதிரி, நிறைய விழுந்தால் உருகித் துளித் துளியாக வழியும். சூடு போதாவிட்டால் உருகாமல் சொரசொரவென்று நின்றுவிடும். அதையும் விரும்பி வாங்குகிறவர்கள் உண்டு.

போத்தமோச்சி. உங்கள் மூன்று வட்டம் இதுதான். தட்டின் மேல் மண்வில்லையையோ சிறு கிண்ணத்தையோ வைத்துச் சுடுவார்கள். வில்லை மூடிய இடத்தில் சாம்பல் விழாது, மண்ணின் செம்மை அப்படியே நிற்கும். சுற்றிலும் கோமா. சிவந்த பயறு பூசிய ஒரு சோற்று உருண்டைப் பலகாரத்தின் பெயரை வைத்துவிட்டார்கள். அளந்து வைத்தாற்போல இருக்கிறது என்றீர்கள். அளந்துதான் வைத்தார்கள்.

சங்கிரி. சூளைத் தரையில், சாம்பலும் தணலும் குவியும் இடத்தில் பாதி புதைந்து நிற்கும் பாண்டம். புதைந்த பகுதிக்கு ஆக்சிஜன் எட்டாது. சிவப்பு இரும்பு ஆக்சைடு ஒடுங்கி, அதாவது ஆக்சிஜனை இழந்து, சாம்பல், கருப்பு, நீலம் என்று நிறம் மாறும். புதையாத மேல்பகுதி செம்பழுப்பு. நடுவில் எல்லைக்கோடு. ஒரே பாண்டத்தில் இரண்டு சூளை.

சிவப்புக் கோட்டைச் செங்காவி சொல்லட்டும். அதன் வேதியியல் அவருக்குத்தான் அத்துப்படி.

#6 செங்காவி

ஹிதசுகி. அந்தச் சிவப்புக் கோட்டின் பெயர் இதுதான். இதன் பிறப்பே அடுக்கும் வேலையில்தான். சூளையில் இடம் மிச்சப்படுத்த ஒன்றுக்குள் ஒன்றாக, ஒன்றின் மேல் ஒன்றாக வைக்க வேண்டும். நடுவில் ஒன்றும் இல்லாவிட்டால் ஒட்டிக்கொள்ளும். கையில் கிடைத்தது வைக்கோல். சுற்றி வைத்தார்கள், வைக்கோல் தொட்ட இடமெல்லாம் தீக்காய நிறத்தில் கோடு விழுந்தது. பிறகுதான் கோட்டுக்காகவே சுற்ற ஆரம்பித்தார்கள்.

வைக்கோல் சாம்பலில் பெரும்பங்கு சிலிக்கா. வேலை செய்வது அதிலுள்ள பொட்டாசியம். உச்சச் சூட்டில் அது மண்ணோடு வினைபுரிந்து, தொட்ட இடத்தில் மட்டும் மெல்லிய உருகிய படலம் ஒன்றை உண்டாக்கும். அந்தப் படலத்திலிருந்து முதலில் அலுமினிய ஆக்சைடான கொரண்டம் நுண்படிகமாகப் பிரியும். சூளை ஆறும்போது அதன் விளிம்பில் ஹெமடைட், அதாவது சிவப்பு இரும்பு ஆக்சைடு, படிகமாக வளரும். நாம் பார்க்கும் சிவப்பு இந்த ஹெமடைட்தான்.

இதில் கவனிக்க வேண்டியது ஆறும் வேகம். உருகிய படலத்துக்குள் கரைந்திருக்கும் இரும்பு, படிகமாக வெளியே வர நேரம் வேண்டும். திடுதிப்பென்று ஆறினால் இரும்பு கண்ணாடிக்குள்ளேயே மாட்டிக்கொள்ளும், கோடு வெளிறிப்போகும். ஆக, சிவப்பு விளைவது நெருப்பு அணைந்த பிறகு.

இன்னொன்று: ஹிதசுகிக்குச் சாம்பல் படவே கூடாது. அதனால் பெரிய ஜாடிக்குள்ளேயோ சாகர் என்கிற மூடிபோட்ட காப்புப் பெட்டிக்குள்ளேயோ வைத்துச் சுடுவார்கள். அடுக்கினவர் முடிவு செய்யாமல் இது வரவே வராது.

#7 கீழைக்கலை

ஒரு மறுப்பு. இன்று கடைக்கு வரும் சங்கிரியில் பெரும்பகுதி வேட்கோ சொன்னபடி தணலில் புதைந்து வந்தது இல்லை. எரிப்பின் கடைசிக் கட்டத்தில் சூளைக்குள் கரியைக் கொட்டி ஆக்சிஜனைத் தின்னவைத்து வரவழைப்பது. பழைய சூளைகளில் இயல்பாக ஒரு மூலையில் கிடைத்ததை, இப்போது மொத்தமாக உற்பத்தி செய்கிறார்கள். இரண்டையும் ஒரே பெயரில் சொல்வது நியாயமா? கரி கொட்டி வந்ததில் நிறம் ஒரே சீராக, சற்றுத் தட்டையாக இருக்கும். நாள்கணக்கில் தணலில் கிடந்ததில் சாம்பல் கடித்த தழும்பும் உருகிய திட்டும் கலந்து வரும். கண்ணுக்கே தெரியும்.

#8 தணல்

தெரியும், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் “போலி” என்ற தொனி வேண்டாம். வினை ஒன்றுதான்: கரி ஆக்சிஜனை எடுக்கிறது, இரும்பு ஒடுங்குகிறது. நேரம்தான் வேறு. கரிச் சங்கிரிக்கும் பக்குவம் தேவை. முன்கூட்டிக் கொட்டினால் சூளைச் சூடு சரிந்து கோமா உருகாமல் நின்றுபோகும். தாமதமாகக் கொட்டினால் மேற்பரப்பு இறுகி, நிறம் உள்ளே பிடிக்காது. கொட்டும்போது கரித்துண்டு மோதி வாய்விளிம்பு உடைவதும் உண்டு. அதனால் விலை உயர்ந்த துண்டை கரி கொட்டும் வாசலுக்கு நேராக யாரும் நிறுத்துவதில்லை.

#9 கீழைக்கலை

சரி, தொனியைத் திரும்பப் பெறுகிறேன். கருத்தை அல்ல :)

வரலாற்றைக் கொஞ்சம் போட்டுவைக்கிறேன், ஏனென்றால் “பழைய முறை” என்று எதைச் சொல்கிறோம் என்பதே இங்கே வழுக்குகிறது. சூஎ என்னும் சாம்பல் நிறப் பாண்ட மரபிலிருந்து வந்தது பிஜென். இடைக்காலத்தில் அதன் சரக்கு மூன்றுதான்: ஜாடி, குடுவை, உள்ளே கோடு கீறிய அரைக்கும் சட்டி. “எறிந்தாலும் உடையாது பிஜென் அரைசட்டி” என்று ஊர்ப் பேச்சே இருந்தது. 16-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில், மோமோயாமா காலத்தில், தேநீர்க்காரர்கள் அந்த முரட்டுத்தனத்தை விரும்பி எடுத்துக்கொண்டார்கள்.

அன்றைய சூளைகள் இன்றைய தனியார் சூளைகள் மாதிரி அல்ல. இன்பேயில் இருக்கும் தெற்குப் பெருஞ்சூளையின் மிச்சம் 54 மீட்டர் நீளம், 5 மீட்டர் அகலம். பல குடும்பங்கள் சேர்ந்து அடுக்கி, ஒரு மாதத்துக்கும் மேல் எரிப்பார்கள். பழைய பிஜென் அடியில் கீறியிருக்கும் குறிகளைக் கலைஞரின் கையொப்பம் என்று நினைக்கிறார்கள். கூட்டுச் சூளையில் யார் சரக்கு யாருடையது என்று பிரித்தெடுக்கத்தான் அவை. அறைகளாகப் பிரித்த சிறிய ஏறுசூளை 1830-களில்தான் அங்கே வந்தது.

எடோ காலத்தில் (1603-1868) அரிட்டா, செட்டோ பக்கத்துப் போர்சலின் சந்தையைப் பிடித்ததும் பிஜென் தேய்ந்தது. நைசு மண்ணில் பொம்மை, சிங்கம் என்று செய்து பிழைத்தார்கள். கனேஷிகே தோயோவும் (1896-1967) அப்படிப் பொம்மைக்காரராகப் பெயர் எடுத்தவர்தான். 1930-களில் அதை விட்டு மோமோயாமா மண்ணையும் சூட்டையும் மறுபடி கண்டுபிடிக்க இறங்கினார். 1956-இல் ஜப்பான் அரசின் வாழும் தேசியச் செல்வம் என்ற தகுதி கிடைத்தது. அவருக்குப் பின் புஜிவாரா கேய் (1970), யமமோட்டோ தோஷு (1987), புஜிவாரா யூ (1996), இசெசாகி ஜுன் (2004). ஒரே ஊர் மண்ணுக்கு ஐந்து பேர்.

#10 மண்வாசி

அருமை. மின்சூளை பற்றி யாரும் வாய் திறக்கவில்லையே.

#11 செங்காவி

கோமாவும் சங்கிரியும் மின்சூளையில் வேண்டாம். சாம்பலும் கரியும் சூடேற்றும் கம்பிச்சுருளைத் தின்றுவிடும். ஹிதசுகி தாராளமாக வரும், பிஜெனிலேயே இதற்கு மின்சூளை, வாயுச்சூளை பயன்படுத்துகிறவர்கள் உண்டு.

மண்: 1,230 டிகிரி தாங்கும் ஸ்டோன்வேர் மண் (அதிகச் சூட்டில் கல் போல இறுகுவது), இரும்பு 2-3 சதவீதம். இரும்பு இதைவிடக் குறைந்தால் கோடு வெளிர் ரோஜா, கூடினால் பாண்டம் முழுக்கப் பழுப்பாகிக் கோடு தெரியாது. நம்மூர்ச் சட்டிபானைச் செம்மண் ஆகாது, 1,100-ஐத் தாண்டும் முன்பே பல வகை உருகிச் சாய்ந்துவிடும். மேற்பரப்பை வழவழப்பாக்கி வையுங்கள், ஆனால் தேய்த்துப் பளபளப்பாக்க வேண்டாம்.

வைக்கோல்: கையால் அறுத்த நீள வைக்கோல். இயந்திர அறுவடை வைக்கோல் நொறுங்கிப்போயிருக்கும், சுற்ற வராது. தோகையை உருவி எடுத்துவிட்டு, லேசாக நீர் தெளித்து, மரச்சுத்தியால் தட்டி மெதுவாக்குங்கள். தட்டாத வைக்கோல் குழாய் போல நிற்கும். வட்டத்தில் ஒரு புள்ளிதான் மண்ணைத் தொடும், கோடு நூல் மாதிரி வரும். தட்டையாக்கினால் பட்டையாக வரும். ஒரு தேநீர்க் கிண்ணத்துக்கு 4-6 இழை போதும். நிறையச் சுற்றினால் கோடு கோடாக வராது, சேறு பூசியது மாதிரி ஆகிவிடும். பாண்டம் முற்றிலும் உலர்ந்த பிறகே சுற்றுங்கள்.

அடுக்கு: மூடிபோட்ட சாகர். மூடியின் ஓரத்தில் தீக்குச்சி தடிமனுக்கு இடைவெளி, கரிப்புகை போக.

சூடு: மணிக்கு 50 டிகிரி, 100 வரை, அங்கே 2 மணி நேரம் நிறுத்தம். மணிக்கு 80, 600 வரை. மணிக்கு 60, 900 வரை, அங்கே 2 மணி. மணிக்கு 100, 1,230 வரை, அங்கே 1 மணி. இறங்கும்போது மணிக்கு 60 வீதம் 900 வரை கட்டுப்பாட்டோடு இறக்குங்கள். அதற்குக் கீழே சூளை தானாக ஆறட்டும், 200-க்குக் கீழே வந்த பிறகே திறப்பது. இது தொடக்க அளவு. உங்கள் மண்ணுக்கு உச்சச் சூட்டை 10 டிகிரி முன்னே பின்னே நகர்த்திச் சோதனைத் துண்டு போட்டுப் பாருங்கள்.

#12 புதுக்கை

உப்புநீரில் வைக்கோலை ஊறவைத்தால் சிவப்பு தூக்கலாக வரும் என்கிறார்களே?

#13 செங்காவி

வரும். ஆனால் கோடு பளபளவென்று உப்புக் கிளேஸ் மாதிரி ஆகும், ஹிதசுகியின் உலர்ந்த சிவப்பு போய்விடும். உப்பு ஆவி சாகர் இடுக்கு வழியாக வந்து கம்பிச்சுருளையும் செங்கலையும் அரிக்கும், ஹைட்ரஜன் குளோரைடு வாயுவும் வரும். மூடிய அறையில் மின்சூளை வைத்திருப்பவர்கள் உப்பைத் தொடாமல் இருப்பதே நல்லது.

#14 தணல்

வெளியே எடுத்த பிறகு நடப்பவை இரண்டு சேர்க்கிறேன். கோடு பழுப்பாக, கருப்போடு வந்தால் சாகருக்குள் ஆக்சிஜன் போதவில்லை, மூடி இடைவெளியைக் கூட்டுங்கள். கோடே இல்லாமல் வெறும் பளபளப்பு மட்டும் தெரிந்தால் சூடு எட்டியது, ஆறும் வேகம்தான் அதிகம்.

#15 அடுப்படி

சூளை எரிப்பது நம்மால் ஆகாது, வாங்கிப் புழங்குபவர்களுக்கும் ஏதாவது சொல்லுங்கள். கிளேஸ் இல்லாவிட்டால் தண்ணீர் கசியாதா? இதில் ரசம் சூடு பண்ணலாமா?

#16 வேட்கோ

நன்றாக வெந்த பிஜென் கண்ணாடியாக இறுகின ஸ்டோன்வேர். நம் மண்பானை மாதிரி வியர்க்காது. புதிதாக வாங்கியதில் மட்டும் மிக லேசான கசிவு இருக்கலாம். அடியில் மணல் நெருடல் இருந்தால் நீரில் நனைத்துத் தேய்க்கும் நைசான உப்புத்தாளால் தேய்த்துவிடுங்கள், இல்லாவிட்டால் மேசை கீறும். புழங்கும் முன் பத்து நிமிடம் தண்ணீரில் வைத்தால் நிறம் எழும்பும், எண்ணெய்க் கறையும் சட்டென்று பிடிக்காது. கழுவிய பின் நன்றாகக் காயவைத்து அடுக்குங்கள், ஈரத்தோடு அலமாரியில் மூடினால் பூசணம் வரும்.

அடுப்பில் நேரடியாக வைக்காதீர்கள். இறுகிய மண் திடீர்ச் சூட்டைத் தாங்காது, ஒரே கீறல்தான். நெருப்பில் வைக்கும் டோனாபே சட்டிக்குப் பேர்போனது மியே மாநிலத்து இகா. பழைய பிவா ஏரியின் படிவு மண் அது. உள்ளே இருக்கும் தாவர மிச்சம் எரிந்துபோய் நுண்துளைகள் விழும், அந்தத் துளைகள் விரிவுக்கு இடம் கொடுக்கும். அதில் முதல் தடவை கஞ்சி காய்ச்சி ஓட்டைகளை அடைப்பது வழக்கம். ரசத்துக்கு நீங்கள் தேட வேண்டியது அது.

பிஜெனில் பீர் நுரை நைசாக வரும் என்பதில் மாயம் இல்லை. சொரசொரப்பில் குமிழி பிறக்க ஏராளமான புள்ளிகள் இருக்கின்றன.

#17 புதுக்கை

பாண்டிச்சேரிப் பாண்டங்களுக்கும் பிஜெனுக்கும் தொடர்பு உண்டு என்பது உண்மையா?

#18 கீழைக்கலை

உண்டு. 1971-இல் புதுச்சேரியில் கோல்டன் பிரிட்ஜ் பாட்டரியை ரே மீக்கரோடு சேர்ந்து தொடங்கிய டெபோரா ஸ்மித், அதற்கு முன் பிஜெனில் பயின்றவர். மேலே சொன்ன யமமோட்டோ தோஷுவிடம். ஆனால் அங்கே உருவானது கிளேஸ் போட்ட ஸ்டோன்வேர். பிஜெனின் நகல் என்று அதைச் சொல்ல முடியாது. மண் வேறு, விறகு வேறு.

#19 மண்வாசி

கடைசியாக ஒன்று. விறகுச் சூளையில் சாம்பல் உருகி ஓடும்போது பாண்டம் அடித்தட்டோடு ஒட்டாதா? சில ஜப்பானியக் குடுவைகளின் பக்கவாட்டில் சிப்பி பதிந்த தடம் தெரிகிறது, அது அலங்காரமா?

#20 வேட்கோ

முட்டுக்கொடுத்த தடம் அது. சிகராகி, இகா போன்ற மண்பாண்ட ஊர்கள் பக்கம் நிறையப் பார்க்கலாம். குடுவையைப் படுக்கவைத்துச் சுட்டால் சாம்பல் ஒரு பக்கம் விழுந்து குறுக்காக வழியும். படுத்த குடுவைக்கு அடியில் சிப்பி ஓட்டின் குழிக்குள் தீமண்ணை (அதிகச் சூடு தாங்கும் மண்) அடைத்து, ஓட்டின் முதுகு பாண்டத்தைத் தொடும்படி மூன்று இடத்தில் வைப்பார்கள். சிப்பி கால்சியம் கார்பனேட். சூட்டில் சுட்ட சுண்ணாம்பாகும். வெளியே எடுத்துத் தண்ணீர் தெளித்தால் நீறிப் பொலபொலவென்று உதிரும், பாண்டத்தில் வரி மட்டும் நிற்கும். தீமண் அடைக்காமல் வெறும் ஓட்டை வைத்தால் பாரத்தில் நொறுங்கிப் பாண்டம் சாயும். மூன்றுக்குப் பதில் நான்கு வைத்தால் ஒன்று எப்போதும் தொடாமல் ஆடும். எந்தப் பக்கம் பாண்டத்தைத் தொட வேண்டும் என்பதில் குழப்பம் வந்தால் நினைத்துக்கொள்ளுங்கள்: சுண்ணாம்பாகி உதிரும் ஓட்டின் முதுகுதான் பாண்டத்துக்கு, தீமண் பக்கம் அல்ல.